ஆயா வீட்டு அண்டாவுக்கு ஒரு மைப்படி: வடசென்னையில் ஆறு நாள்

முதல் நாள்: பாரிமுனை

வீட்டுச் சாமானை வைத்துக் கலை செய்யக் கிளம்புகிறவர்கள் முதலில் செய்யும் தப்பு, சாமானை விலைக்கு வாங்குவது. காயலாங்கடையில் பித்தளைச் சொம்பு நாலு, துருவேறிய டிரங்குப் பெட்டி ஒன்று, கண்ணாடி உடைந்த அரிக்கேன் விளக்கு ஒன்று. வெள்ளைச் சுவருக்கு முன்னால் அடுக்கினால் நினைவு தானாக வந்து உட்கார்ந்துவிடும் என்று ஒரு நம்பிக்கை. வராது. காயலாங்கடைக்கு இன்னொரு கிளை திறந்த மாதிரிதான் இருக்கும்.

அதனால் இந்த ஆறு நாள் நடைக்கு ஒரே விதி. சாமான் அது இருக்கும் வீட்டிலேயே இருக்கட்டும். அதில் கைபட்டுத் தேய்ந்த இடத்தை மட்டும் படி எடுத்துக்கொண்டு வருவது.

படி எடுப்பது நம் ஊருக்குப் புதிதும் இல்லை. 1886-ல் ஹுல்ஷ் சென்னை மாகாணக் கல்வெட்டாய்வாளராக வந்த காலத்திலிருந்து கோயில் சுவர்களில் தாளை ஒட்டி, மை ஒத்தி, மைப்படி எடுத்துக்கொண்டே இருக்கிறார்கள். சோழர் காலத்தில் கோயில் விளக்கு எரிய ஆடு தானம் விட்டவர் பெயருக்குப் படி உண்டு. கல்யாண அண்டாவில் வெட்டிய பெயருக்குக் கிடையாது.

இன்று கொள்முதல் மட்டும். தாளுக்கு ஆண்டர்சன் தெரு. கல்யாணப் பத்திரிகை அட்டைகளைத் தாண்டி உள்ளே போய், இருப்பதிலேயே மெல்லிய தாள் கேட்க வேண்டும். 30 முதல் 50 ஜிஎஸ்எம் (சதுர மீட்டருக்கு இத்தனை கிராம்) வரை போதும். சோதிப்பது சுலபம். ஒரு ரூபாய் நாணயத்தைத் தாளுக்கு அடியில் வைத்துப் பென்சிலைப் படுக்கவைத்துத் தேய்த்தால் சிங்கத்தின் பிடரி தெரிய வேண்டும். வெறும் வட்டம்தான் தெரிகிறது என்றால் அந்தத் தாள் வேண்டாம். ஜெராக்ஸ் தாள் 70, 75 ஜிஎஸ்எம். பாத்திர எழுத்துக்கு அது போர்வை.

மற்றவை: மரம் இல்லாத 6பி கிராஃபைட் குச்சி நாலு, கறுப்பு மெழுகுக் கிரேயான், மாஸ்கிங் டேப் (செல்லோ டேப் கூடாது, பழைய பெயிண்டை உரித்துக்கொண்டு வரும்), 15 சென்டிமீட்டர் ஸ்டீல் ஸ்கேல், சின்ன எல்இடி டார்ச், ரேடியோ ரிப்பேர்க்காரர்கள் வைத்திருக்கும் ஈயப்பற்றுக் கம்பி இரண்டு மீட்டர். கம்பி எதற்கு என்று நாளைக்குத் தெரியும்.

பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் வாங்கும்போது மூட்டை எப்போது பிரித்தது என்று கேட்பது முக்கியம். கடலோரக் காற்றில் திறந்து கிடந்த பவுடர் ஈரத்தை இழுத்துச் செத்துப்போயிருக்கும். கலக்கினால் மணிக்கணக்கில் தயிர் மாதிரியே நிற்கும். ஒரு கரண்டி வாங்கிக் கலந்து பார்த்து, இருபது நிமிடத்தில் நகம் இறங்காமல் இறுகினால் ஐந்து கிலோ எடுக்கலாம். ஃபால்ஸ் சீலிங்குக்கான பவுடரில் நுணுக்கம் போதாது. பல் டாக்டர்களுக்குச் சாமான் விற்கும் கடையில் டென்டல் பிளாஸ்டரும், அச்செடுக்கும் ஆல்ஜினேட்டும் சேர்த்தே கிடைக்கும்.

ஐந்தாம் நாள் வெயிலில் காட்டி எடுக்கும் படத்துக்கு இரண்டு ரசாயனம்: ஃபெரிக் அமோனியம் சிட்ரேட் 25 கிராம், பொட்டாசியம் ஃபெரிசயனைடு 10 கிராம். தேவராஜ முதலி தெருவில் 12க்கு 18 அங்குலத்தில் கனமான கண்ணாடி ஒன்று, விளிம்பைத் தீட்டித் தரச் சொல்லி வாங்க வேண்டும். தீட்டாத கண்ணாடி முதல் நாளே விரலை வாங்கிவிடும்.

சாயங்காலம் கடற்கரை ரயில் நிலையம் பக்கம் அத்தோ. 1960களில் பர்மாவிலிருந்து கப்பலேறித் திரும்பியவர்கள் கொண்டுவந்த நூடுல்ஸ். இன்றைக்கு அது வடசென்னைச் சாப்பாடு. சாமான் எதுவும் கொண்டுவர முடியாதவர்கள் கைப்பக்குவத்தைக் கொண்டுவந்தார்கள். அதைப் படி எடுக்க ஆண்டர்சன் தெருவில் தாள் விற்பதில்லை.

இரண்டாம் நாள்: வண்ணாரப்பேட்டை, ராயபுரம்

இந்த நடையின் கனமான நாள். காலை ஏழு மணிக்கே தொடங்க வேண்டும். பத்து மணிக்கு மேல் வியர்வை தாளில் சொட்டும், காற்றின் ஈரத்தில் தாளே துவண்டுவிடும்.

எவர்சில்வர் பாத்திரத்தில் பெயர் வெட்டுவது தமிழ் வீடுகளில் எழுதப்படாத சட்டம். பாத்திரக் கடையிலேயே மெஷினை வைத்து, புள்ளி புள்ளியாக, காசில்லாமலோ எழுத்துக்கு இவ்வளவு என்றோ வெட்டித் தருவார்கள். அதற்கு முன்னால் பித்தளையில் உளியும் சுத்தியும். இனிஷியல், பெயர், தேதி, சில சமயம் "அன்பளிப்பு", இன்னார் தந்தது என்று. பொது விசேஷத்துக்கு இரவல் போன அண்டா திரும்பி வர வேண்டுமே, அதற்கான ஏற்பாடுதான் இது. ஆனால் கல்யாணச் சீர்ப் பாத்திரத்தில் வெட்டியிருப்பது பெண்ணின் அப்பா இனிஷியல். ரேஷன் கார்டில் இனிஷியல் மாறி நாற்பது வருஷம் ஆன வீட்டிலும் அண்டாவில் பழைய எழுத்து அப்படியே இருக்கும். தாய்வீடு கடைசியாக ஒட்டிக்கொண்டிருக்கும் இடம் அடுக்களைப் பரண்.

அதைப் படி எடுக்கும் முறை. பாத்திரத்தைக் கழுவக் கூடாது, விளக்கக் கூடாது. உலர்ந்த துணியால் தூசியை மட்டும் தட்டலாம். மெல்லிய தாளை எழுத்தின் மேல் இழுத்துப் பிடித்து நாலு பக்கமும் டேப். கிராஃபைட் குச்சியைப் படுக்கவைத்து, நடுவிலிருந்து வெளியே, ஒரே திசையில், அழுத்தாமல் மூன்று தடவை. மேலும் கீழுமாகத் தேய்த்தால் தாள் ஒரு நூலளவு நகரும். அவ்வளவுதான், எழுத்து இரண்டாகத் தெரியும். வயிறு பெருத்த அண்டாவிலும் சொம்பிலும் முழுத் தாள் சுருங்கி மடியும். மூன்று சென்டிமீட்டர் அகலப் பட்டைகளாக வெட்டி, ஓரங்கள் சற்றே ஏறிக்கொள்ளும்படி ஒட்டி, பின்புறம் எண் போட்டுக்கொள்வது நல்லது.

இனிதான் விஷயம். புதிதாக வெட்டிய எழுத்தில் புள்ளியைச் சுற்றி உலோகம் பிசிறாக எழும்பியிருக்கும், விரலால் தடவினால் உறுத்தும். படியில் அந்தப் பிசிறு கரு வளையமாக விழும். சாம்பலும் புளியும் தேங்காய் நாரும், பிறகு சபீனாவும் ஸ்டீல் நாரும் என்று இருபது முப்பது வருஷம் தேய்த்த பாத்திரத்தில் பிசிறு போயிருக்கும். எழுத்து கறுப்புக்கு நடுவே வெறும் வெள்ளைப் புள்ளியாக, மங்கலாக வரும். அதாவது படியில் விழுவது பெயர் மட்டுமில்லை, அந்தப் பெயரின் மேல் ஓடிய கையும். ஒரே வீட்டில் பூஜைக்கு மட்டும் எடுக்கும் சொம்பு, தினமும் சோறு வடிக்கும் குண்டான், இரண்டுக்கும் ஒரே தேதி வெட்டியிருந்தால் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எடுக்க வேண்டும். வேறு எந்த விளக்கமும் தேவைப்படாது.

சுபோத் குப்தா எவர்சில்வர் பாத்திரங்களைக் குவித்துச் செய்த பெரிய சிற்பங்களால் இந்த உலோகம் உலகக் கலைக்கூடங்களுக்குள் போனது. குவியலில் தெரிவது பளபளப்பும் எண்ணிக்கையும். ஒற்றைப் பாத்திரத்தின் தேய்மானத்துக்குக் குவியல் உதவாது. அது வேறு வேலை.

அடுத்தது அம்மி. பழைய ஓட்டு வீடுகளின் பின்கட்டில், பெரும்பாலும் மேலே துணி அலசும் பக்கெட்டைச் சுமந்தபடி, இன்னும் கிடக்கிறது. நடுப்பள்ளத்தைப் படி எடுக்கத் தாள் ஆகாது. ஈயப்பற்றுக் கம்பியை நீளவாட்டில் கல்லின் மேல் வைத்து, விரல் நுனியால் ஒவ்வொரு அங்குலமாக அழுத்தி, வளைவு கலையாமல் தூக்கிக் காகிதத்தில் படுக்கவைத்துப் பென்சிலால் ஓரம் போட வேண்டும். நீளத்தில் ஒரு கோடு, குறுக்கே இரண்டு கோடு. பள்ளம் நட்டநடுவில் இருக்காது, அரைத்தவர் உட்கார்ந்த பக்கமாகச் சாய்ந்திருக்கும். கம்பியைக் கையில் பிடித்தபடியே அடுத்த அறைக்குக் கொண்டுபோனால் வளைவு போச்சு. காகிதமும் பலகையும் அம்மிக்குப் பக்கத்திலேயே இருக்க வேண்டும். வாசற்படி மரத்துக்கும் இதே கம்பிதான்.

கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு, கேட்கக் கூடாத கேள்வி ஒன்று உண்டு. "இதுக்கும் உங்களுக்கும் என்ன நினைவு இருக்கு ஆயா?" என்று கேட்டால் டிவி பேட்டி மாதிரி ஒரு பதில் வரும். "இது முன்னாடி எங்க இருந்துச்சு?" என்று கேட்டால் போதும். எந்த வீடு, எந்த மூலை, யார் கைக்கு எட்டும் உயரம், எல்லாம் தானாக வரும். "இன்னாத்துக்கும்மா இந்த ஓட்ட அண்டாவப் போயி?" என்ற கேள்வியும் வரும். அதற்குப் பதில் முதல் படியை எடுத்து அவர் கையில் கொடுப்பது. எப்போதும் இரண்டு படி எடுக்க வேண்டும், முதலாவது வீட்டுக்கு.

வண்ணாரப்பேட்டையில் துணியைப் பற்றிப் பேசாமல் போக முடியாது. கிழக்கிந்தியக் கம்பெனியின் துணியை வெளுத்தவர்களால் ஊருக்கு வந்த பெயர். வெளுக்கப் போடும் துணியின் ஓரத்தில் வீட்டுக்கொரு வண்ணார் குறி: புள்ளி, கோடு, சிலுவை, இவற்றின் சேர்க்கை. எழுத்தே தேவைப்படாத முகவரி. சேங்கொட்டையின் சாற்றைச் சுண்ணாம்போடு சேர்த்துப் போட்ட குறி, துணி கிழிந்தாலும் போகாது. பழைய வேட்டியிலோ தலையணை உறையிலோ இருந்தால், பின்னாலிருந்து டார்ச் அடித்துப் படம் எடுக்கலாம். சேங்கொட்டையைத் தானே வாங்கிக் குத்திப் பார்க்கும் ஆர்வம் வேண்டாம். அதன் பால் பட்ட தோல் கொப்பளித்துப் புண்ணாகும், முகத்தில் பட்டால் வீங்கும்.

எம்.சி. ரோட்டில் ஐந்தாம் நாளுக்கான காடாத் துணி மூன்று மீட்டர். ராயபுரம் ரயில் நிலையத்தை வெளியிலிருந்து பார்த்துவிட்டு முடித்துக்கொள்ளலாம். 1856 ஜூலை 1 அன்று தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் வாலாஜா ரோட்டுக்குப் புறப்பட்ட கட்டடம். தூண்கள் நன்றாக இருக்கின்றன. கைபட்டுத் தேய்ந்த இடம் என்று பார்த்தால் அம்மிக்கு முன்னால் நிற்காது.

மூன்றாம் நாள்: காசிமேடு

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கரையில் கட்டிக் கிடக்கும், வலைகள் தரைக்கு வரும், பேச ஆளும் நேரமும் இருக்கும். தடை இல்லாத நாளில் ஞாயிறு காலை ஏலக் கூட்டத்துக்குள் தாளையும் பென்சிலையும் எடுத்துக்கொண்டு போகிறவரை யாரும் திட்டாமல் விட மாட்டார்கள், நியாயமாகத்தான்.

பார்க்க வேண்டியது வலையின் ஒட்டுகள். கிழிந்த கண்ணியை வலை ஊசியால் கோத்து முடிவார்கள்; முடியும்போது கையில் என்ன நிற நூல் இருக்கிறதோ அதுதான். பச்சை வலையில் நீலம், நீலத்தில் ஆரஞ்சு. கடல் எங்கே கடித்தது என்பதற்கு அதைவிடத் துல்லியமான வரைபடம் இல்லை. வலையைத் தரையில் விரித்து, நேர் மேலிருந்து, ஸ்கேல் வைத்துப் படம் எடுத்து, நிறம் மாறும் முடிச்சுகளைக் கட்டத் தாளில் குறிக்கலாம். கழித்துப் போட்ட துண்டு இருந்தால் கேட்டு, காசு கொடுத்து எடுக்கலாம். விதிக்கு விலக்கா என்றால், ஆமாம். குப்பைக்குப் போவது இது ஒன்றுதான்.

கடலிலிருந்து வந்த எதையும் அப்படியே பைக்குள் போட்டுவிடக் கூடாது. உப்பு உள்ளே இருக்கும்வரை கயிறு ஈரத்தை இழுத்துப் பூஞ்சை பிடிக்கும், இரும்பு படலம் படலமாக உதிரும். நல்ல தண்ணீரில் ஊறவைத்துத் தினமும் மாற்ற வேண்டும். எத்தனை நாள்? ஆர்ஓ மெஷின் விற்பவர் வீட்டுக்கு வந்து தண்ணீரில் முக்கிக் காட்டும் டிடிஎஸ் மீட்டர் இதற்கு அருமையான கருவி. கேன் தண்ணீரின் அளவை முதலில் குறித்து, ஒரு நாள் ஊறிய பிறகு மறுபடி பார்க்க வேண்டும். ஏறவில்லை என்றால் உப்பு வடிந்துவிட்டது. இரும்பைக் கடைசியில் வெயிலில் காயவைத்து, மூடியுள்ள டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு வைப்பது உத்தமம்.

துடுப்பின் பிடி, கூறு போடும் அரிவாள்மனையின் கட்டை, வலை ஊசி போன்றவற்றுக்கு ஆல்ஜினேட் அச்சு. பாக்கெட்டில் வரும் அளவுக் கரண்டிப்படி பவுடரும் தண்ணீரும். சித்திரை வெயிலில் குழாய்த் தண்ணீர் ஊற்றினால் கிண்ணத்திலேயே இறுகிவிடும். குளிர்ந்த தண்ணீர் வேண்டும். காசிமேட்டில் ஐஸுக்கா பஞ்சம்! சின்னத் துண்டு போட்டுக் குளிரவைத்த தண்ணீரில் கலக்கினால் கூடுதலாக ஒன்றிரண்டு நிமிடம் கிடைக்கும். ஆல்ஜினேட் காயக் காயச் சுருங்கும், ஆகவே அச்சு எடுத்த அரை மணிக்குள் பிளாஸ்டர் ஊற்றியாக வேண்டும். வீட்டுக்குக் கொண்டுபோய் ஊற்றலாம் என்று நினைத்தால் துடுப்பு ஒரு சுற்று இளைத்துவிடும்.

பிளாஸ்டர் 500 கிராமுக்குத் தண்ணீர் 350 மில்லி. தண்ணீரில்தான் பவுடரைத் தூவ வேண்டும், பவுடரில் தண்ணீரை ஊற்றக் கூடாது. தூவிவிட்டு இரண்டு நிமிடம் சும்மா விட்டு, பிறகு குமிழி வராமல் அடியோடு கலக்கி, அச்சின் ஓர் ஓரமாக ஊற்றி, தரையில் லேசாகத் தட்ட வேண்டும். இங்கேதான் வெளியூர்க்காரர்கள் ஏமாறுவது. கரையோரப் போர் தண்ணீர் உப்பு. உப்பு பிளாஸ்டரை வேகமாக இறுக்கும். இருபது நிமிடம் என்று நம்பி ஊற்றப் போனால் கிண்ணமும் கரண்டியும் ஒன்றாகிவிடும். கேன் தண்ணீர்தான். இன்னொன்று, இறுகும்போது பிளாஸ்டர் சூடாகும். மீனவர் கையையே அச்செடுக்க ஆசை வந்தால், ஆல்ஜினேட்டில் மட்டும். கையைப் பிளாஸ்டருக்குள் விட்டால் தீக்காயம் நிச்சயம்.

வாசனையை என்ன செய்வது என்று கேட்பவர்கள் உண்டு. சென்னையில் இயங்கும் பெனிதா பெர்சியல் சாம்பிராணி முதலான நறுமணப் பொருள்களையே அச்சில் வார்த்துச் சிற்பம் செய்கிறார். 2014 கொச்சி பினாலேயில் அவை வைக்கப்பட்டிருந்தன. காசிமேட்டுக்கு அந்த வழி உதவுமா என்றால், கருவாட்டைக் கலைக்கூடத்துக்குள் கொண்டுபோவதற்கு முன்னால் பக்கத்து அறைக்காரரிடம் ஒரு வார்த்தை.

நான்காம் நாள்: பட்டாளம், கொசப்பேட்டை, வியாசர்பாடி

பி அண்ட் சி (பக்கிங்காம் அண்ட் கர்னாடிக்) துணி மில் 1996-ல் மூடியது. 1918-ல் அந்த மில் தொழிலாளர்களுக்காகத் தொடங்கிய சென்னைத் தொழிலாளர் சங்கம் நாட்டின் முதல் தொழிற்சங்கங்களில் ஒன்று. மில்லுக்குள் படி எடுக்க எதுவும் இல்லை, போகவும் முடியாது. புளியந்தோப்பு, பட்டாளம், ஓட்டேரி வீடுகளில் டிபன் கேரியர் உண்டு. நாலு அடுக்குக் கேரியரில் கவனிக்க வேண்டியது அடுக்குகளை அல்ல, பக்கக் கம்பியையும் மேல் கொக்கியையும். தினமும் திறந்து மூடிய கொக்கி மெலிந்து வளைந்திருக்கும், அதற்கு ஈடாகக் கம்பியைக் கயிற்றாலோ ரப்பர் பாண்டாலோ கட்டியிருப்பார்கள். கயிற்றை அவிழ்க்காமல் படம் எடுக்கவும். அடித்தட்டின் அடிப்பாகத்தைத் தாளில் படி எடுத்தால் சைக்கிள் கேரியரின் கம்பி வரிகள் கிடைக்கும்.

கொசப்பேட்டையில் குயவர்களிடம் களிமண். விநாயகர் சதுர்த்திக்கும் கொலுவுக்கும் முந்தைய மாதங்களில் அவர்களுக்குத் தலைதூக்க நேரமிருக்காது, சித்திரையில் பேசலாம். பத்து கிலோ பிசைந்த மண், ஈரத்துணி சுற்றி. அவர்கள் பொம்மைக்கு இரண்டு துண்டு அச்சு வைத்து வேலை செய்வதைக் கொஞ்ச நேரம் நின்று பார்ப்பது எந்தக் கல்லூரி வகுப்பையும்விட மேல். எங்கே அச்சைப் பிரிக்க வேண்டும், எந்த வளைவு மண்ணைப் பிடித்துக்கொள்ளும் என்பதைப் புத்தகத்தில் படித்தால் ஏறாது.

அந்த மண்ணால் கதவின் தாழ்ப்பாள், நிலையின் பூவேலை, சுவிட்ச் போர்டு ஆகியவற்றை ஒத்தி எடுக்கலாம். இரண்டு சென்டிமீட்டர் கனத்தில் அடைபோல் தட்டி, முகத்தில் டால்கம் பவுடர் தூவி, ஒரே அழுத்தாக அழுத்தி, நேராக இழுக்க வேண்டும். ஆட்டி ஆட்டி இழுத்தால் வடிவம் நசுங்கும். சுற்றி மூன்று சென்டிமீட்டர் மண் வரப்புக் கட்டி அங்கேயே பிளாஸ்டர். சுண்ணாம்பு அடித்த சுவரில் ஒருபோதும் செய்யக் கூடாது. மண் சுண்ணாம்பைப் பட்டையாகப் பெயர்த்துக்கொண்டு வரும், அப்புறம் வெள்ளையடித்துக் கொடுத்துவிட்டுத்தான் கிளம்ப வேண்டும்.

வாரியக் குடியிருப்புகளின் கதவுகள் தனிப் புத்தகம். 1970-ல் தொடங்கிய குடிசை மாற்று வாரியம் கட்டிய கட்டடங்கள் இடிபட்டுப் புதிதாக எழும்பும்போது பழைய கதவுகள் வாசலில் சாய்ந்து கிடக்கும். பொங்கலுக்குப் பொங்கல் அடித்த பெயிண்ட் ஒன்றின் மேல் ஒன்று. இடிக்கப் போகும் கதவில் மட்டும், நீர்த்தாளை (ஈரத்தோடு தேய்க்கும் உப்புத்தாள்) நனைத்து, ஒரு ரூபாய் நாணய அகலத்துக்கு வட்டமாகத் தேய்த்துக்கொண்டே போனால் பச்சை, நீலம், சிமென்ட் நிறம், மறுபடி பச்சை என்று மர வளையம்போல் அடுக்குகள் திறக்கும். பழைய பெயிண்டில் ஈயம் இருக்கலாம்; உலர்ந்து தேய்க்காமல், முகமூடியோடு, குழந்தைகள் இல்லாத நேரத்தில்.

சாயங்காலம் வியாசர்பாடியில் கேரம் போர்டு. உலக சாம்பியன் இளவழகி வந்த பேட்டை. 2024 உலகக் கோப்பையில் மூன்று தங்கம் வாங்கிய காசிமாவும் வடசென்னைக்காரர்தான். 74 சென்டிமீட்டர் சதுரப் பலகையில் ஸ்டிரைக்கர் வைக்கும் கோட்டருகே ஒரு மினுமினுப்பு இருக்கும், நாலு பக்கத்திலும் ஒரே அளவாக இருக்காது. யாருக்கு எந்தப் பக்கம் ராசி என்பது அதில் தெரியும். அதைத் தாள் வைத்துத் தேய்க்கப் போனால் கிராஃபைட் பொடி பலகையில் இறங்கி ஆட்டத்தைக் கெடுக்கும். டார்ச்சைப் பலகையோடு படுக்கவைத்துப் பக்கவாட்டு வெளிச்சத்தில் படம், அவ்வளவே. அதுவும் ஆட்டம் முடிந்த பிறகு.

ஐந்தாம் நாள்: மொட்டை மாடி

நடை இல்லை. வெயில் படம் மட்டும். 1842-ல் ஜான் ஹெர்ஷல் கண்டுபிடித்த சயனோடைப் என்னும் நீலப் பட முறை, அச்சுக்கூடமும் வேண்டாம், கேமராவும் வேண்டாம்.

முதல் நாள் வாங்கிய இரண்டையும் தனித்தனியே 100 மில்லி தண்ணீரில் கரைத்து, பழுப்பு பாட்டிலில் வைத்து, தேவைக்குச் சம அளவு கலந்து, ஜன்னல் அடைத்த அறையில் தட்டைத் தூரிகையால் பூச வேண்டும். ஏ4 தாளுக்குச் சுமார் 2 மில்லி. காடாத் துணியென்றால் முதல்நாளே கொதிநீரில் அலசிக் கஞ்சியைப் போக்கியிருக்க வேண்டும், இல்லாவிட்டால் திட்டுத் திட்டாகப் பிடிக்கும். காற்றாடிக்கு அடியில் இருட்டில் உலர்த்தி, அன்றே பயன்படுத்துவது நல்லது. இந்த ஊர் ஈரத்தில் பூசிய தாள் மறுநாளைக்குள் தானே நிறம் மாறத் தொடங்கும்.

காசிமேட்டு வலைத் துண்டைத் தாளின் மேல் பரப்பி, மேலே கண்ணாடி. கண்ணாடி இல்லாமல் வைத்தால் நூலுக்கு அடியில் வெளிச்சம் புகுந்து கோடு மங்கும். பதினோரு மணிக்கும் ஒரு மணிக்கும் நடுவில் எட்டு முதல் பன்னிரண்டு நிமிடம், தாள் மஞ்சள் பச்சையிலிருந்து வெண்கலச் சாம்பல் நிறத்துக்குத் திரும்பும்வரை. பிறகு அலசல், மஞ்சள் தண்ணீர் வடிவது நிற்கும்வரை. வெள்ளைக் கோடுகளில் முடிச்சு மட்டும் தடித்துத் தெரியும். ஒட்டுப்போட்ட நூலின் நிறம் போய்விடும், கனம் நிற்கும்.

படம் வெளிறிப் போகிறதே என்றால் குற்றம் பெரும்பாலும் தண்ணீருடையது. காரத்தன்மை உள்ள போர் தண்ணீர் நீலத்தைத் தின்னும். பக்கெட்டுக்கு இரண்டு ஸ்பூன் வினிகர். சோப்புத் தூள் போட்டுத் துவைத்தாலும் இதே கதி என்பதைத் துணிப் படம் வாங்குபவரிடம் சொல்லிவிட வேண்டும்.

ஆறாம் நாள்: திருவொற்றியூர், எண்ணூர்

மெட்ரோவில் காலடிப்பேட்டை தாண்டும்போது ஒரு வேடிக்கை. காலடிக்கும் அந்தப் பெயருக்கும் சம்பந்தமில்லை. கவர்னர் ஜோசப் காலெட் பெயரில் நெசவாளர்களைக் குடியமர்த்திய பேட்டை, வாயில் புரண்டு புரண்டு காலடியாகிவிட்டது. பெயரும் தேயும்.

திருவொற்றியூர்க் கோயில் சுவர்களில் சோழர் கல்வெட்டுகள் நிறைய. அவற்றில் கை வைக்க வேண்டாம், உரிய அனுமதியும் பயிற்சியும் உள்ளவர்கள் வேலை அது. ஆனால் முறையைத் தெரிந்துகொள்ளலாம்: கல்லைத் தூசி நீக்கி நனைத்து, ஈரத் தாளை ஒட்டி, தூரிகையால் தட்டித் தட்டி எழுத்துக் குழிக்குள் தாளை இறக்கி, சற்று உலர்ந்ததும் மை தோய்த்த ஒத்தியால் ஒற்றுவது. குழியில் மை படாது, எழுத்து வெள்ளையாக நிற்கும். வீட்டு ஆட்டுக்கல், திண்ணைக் கல், கருங்கல் தொட்டி இவற்றுக்கு இதே முறை பொருந்தும். கிராஃபைட் தேய்ப்பைவிட ஆழம் நன்றாக வரும். மை கல்லில் ஊறும் என்றால் நிறுத்திவிட வேண்டும்.

அங்கிருந்து கடலோரமாக வடக்கே போனால் கரை முழுக்கக் கருங்கற்கள். இந்தக் கடற்கரையில் வருஷத்தின் பெரும்பகுதி மணல் தெற்கிலிருந்து வடக்கே நகரும். துறைமுகத்தின் தடுப்புச் சுவர் எழும்பியதும் மணல் தெற்குப் பக்கம் தங்கி மெரினா அகலமானது, வடக்குக் கரைக்கு வர வேண்டிய மணல் வரவில்லை, கடல் வீடுகளை எடுத்தது. நகரம் காற்று வாங்கும் மணலில் பாதி இந்தக் குப்பங்களின் வாசல் என்று சொன்னால் மிகை கொஞ்சம்தான்.

வீடே இல்லாத இடத்தில் எதைப் படி எடுப்பது? ஆங்கிலச் சிற்பி ரேச்சல் வைட்ரீட் 1993-ல் கிழக்கு லண்டனில் இடிபட இருந்த ஒரு வீட்டின் உட்புறத்தைக் கான்கிரீட்டில் வார்த்து, சுவரை நீக்கி நிறுத்தினார். அடுத்த வருஷமே அதுவும் இடிபட்டது. கொரியக் கலைஞர் டோ ஹோ சூ தன் நியூயார்க் வாடகை வீட்டுச் சுவர், சுவிட்ச், குழாய் எல்லாவற்றிலும் தாள் ஒட்டி வண்ணப் பென்சிலால் தேய்த்து எடுத்தார். இரண்டுக்கும் நிற்கும் சுவர் வேண்டும். சுவர் போன இடத்துக்குச் சீனக் கலைஞர் சோங் டோங் பொருத்தமானவர். பெய்ஜிங்கில் அவர் அம்மா சேர்த்துவைத்த பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட சாமான்களை, சோப்புக்கட்டியிலிருந்து பற்பசைக் குழாய்வரை, 2005-ல் காட்சிக்கு விரித்தார். முதல் நாள் சொன்ன விதியை அது மீறவில்லையா? மீறவில்லை. அடுக்கியது அந்த அம்மாதான். எது எதற்குப் பக்கத்தில் என்பதை அவர் கை முடிவு செய்தது. குப்பத்திலும் அதேதான்: பழைய வீட்டில் எது எங்கே இருந்தது என்று தரையில் சாக்பீஸால் போடச் சொல்லி, அடுப்பு, குடம், பாய், சாமி படம் ஒவ்வொன்றையும் அவர்களையே வைக்கச் சொல்ல வேண்டும். உண்மையான அளவில். ஆறடிக்கு எட்டடி என்று சொன்ன வீட்டில் ஏழு பேர் எப்படிப் படுத்தார்கள் என்பதைப் படுத்துக் காட்டுவார்கள்.

எண்ணூருக்கு விம்கோ நகரிலிருந்து புறநகர் ரயில். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையோடு வந்த எண்ணெய்க் கசிவு கழிமுகத்தில் பரவியபோது படகு, வலை, வீட்டுச் சுவர் எல்லாவற்றிலும் கறுப்புக் கோடு. இன்னும் எங்காவது மிச்சமிருந்தால் அதைத் தேய்த்து எடுக்க முடியாது, தார் தாளை விடாது. கண்ணாடிப் பாலித்தீன் தாளைச் சுவரில் ஒட்டி, கோட்டின் மேல்விளிம்பை மார்க்கரால் வரைந்து, தரையிலிருந்து உயரத்தைச் சென்டிமீட்டரில் குறித்தால் போதும். சுவரில் வேறு கோடுகளும் இருக்கும்: குழந்தை வளர்ந்த உயரம், 2015 வெள்ளம். எல்லாவற்றையும் ஒரே தாளில் போடவும், எது எது என்று வீட்டுக்காரர் கையெழுத்தில்.

அனல் மின் நிலையச் சாம்பலை மண்ணோடு கலந்து பொம்மை செய்யும் யோசனை எல்லோருக்கும் வரும். மாவைவிட நுண்ணிய தூள், கன உலோகங்கள் வேறு. கை போட வேண்டாம்.

படிகளைக் கொண்டுவர மூன்று அங்குல பிவிசி பைப், இரண்டு பக்கமும் மூடி. நடுவில் பட்டர் பேப்பர் வைத்து, கிராஃபைட் பக்கம் உள்ளே இல்லாமல் வெளியே இருக்கும்படி தளர்வாகச் சுருட்டினால் கசங்காது, சிலிக்கா பொட்டலம் இரண்டு. கிராஃபைட் உதிராமல் இருக்க ஆர்ட் கடை ஃபிக்சேட்டிவ் ஓர் அடி தள்ளி நின்று இரண்டு மெல்லிய பூச்சு. ஹேர் ஸ்பிரே மலிவு, ஆனால் மஞ்சளாகும்.

வீடுகளுக்குரிய முதல் படிகளில் விடுபட்டவற்றைத் திரும்பும் வழியிலேயே கொடுத்துவிடலாம். பிளாஸ்டிக் கவரில் போட்டு, பின்னால் தேதி எழுதி. தண்ணீர் லாரி வரும் நேரத்தை மட்டும் விசாரித்துக்கொண்டு போக வேண்டும். குடம் வரிசையில் நிற்கும்போது யாருக்கும் இரண்டு கையும் காலி இருக்காது.